உங்க வயல்ல டவர் வருதா? 3 வருஷக் கணக்கை மறந்துடாதீங்க!

காலையில் தண்ணீர் பாய்ச்ச தோட்டத்துக்கு போகிறார் ஒரு விவசாயி. வரப்பு ஓரத்தில் புதுசாக ஒரு கல் நட்டு, சிவப்பு பெயிண்டில் நம்பர் எழுதி இருக்கிறது. யார் நட்டது என்று பக்கத்து தோட்டத்துக்காரருக்கும் தெரியவில்லை.

நாலு நாள் கழித்து ஜீப்பில் ஆட்கள் வந்து இறங்குகிறார்கள். "இந்த இடத்துல டவர் வருதுங்க. அந்த வரிசையில இருக்கிற தென்னை எல்லாம் போகும்" என்கிறார்கள்.

"இது என் பட்டா நிலம். நான் சம்மதிக்கலை. எப்படி உள்ள வருவீங்க?"

"சம்மதம் தேவை இல்லைங்க. சட்டம் அப்படி."

உயர்மின் கோபுரம் போகிற ஊர்களில் எல்லாம் நடக்கிற பேச்சுதான் இது. இதில் விவசாயி சொல்வதும் பாதி உண்மை. ஜீப்பில் வந்தவர் சொல்வதும் பாதி உண்மை. மீதி பாதி தெரியாததால் சிலர் வழக்கு வாங்குகிற அளவுக்கு சண்டை போடுகிறார்கள். இன்னும் சிலர் கொடுத்த செக்கை வாங்கி சட்டைப்பையில் வைத்துக்கொண்டு பேசாமல் இருந்து விடுகிறார்கள். நஷ்டம் என்னவோ இரண்டு பேருக்கும்தான்.

செத்துப்போன தந்தி... சாகாத சட்டம்!

உங்கள் நிலத்தில் டவர் நட அதிகாரம் எங்கிருந்து வருகிறது தெரியுமா? வெள்ளைக்காரன் காலத்து தந்தி சட்டத்தில் இருந்து. வருஷம் 1885.

ஊர் ஊராக தந்திக் கம்பி இழுக்க வேண்டும், ஒவ்வொரு நிலத்துக்காரர் வீட்டு வாசலிலும் போய் நிற்க முடியாது என்று அன்றைய சர்க்கார் தனக்குத்தானே எழுதிக்கொண்ட சட்டம் அது. அதன் 10-வது பிரிவு, யாருடைய நிலத்துக்கு மேலேயும், கீழேயும், குறுக்கேயும் கம்பி கொண்டு போகலாம், கம்பம் நடலாம் என்கிறது.

அதே பிரிவில் இன்னும் இரண்டு விஷயம் இருக்கிறது. ஜீப்பில் வருகிறவர்கள் இதை சொல்ல மாட்டார்கள். ஒன்று, அவர்களுக்கு கிடைப்பது பயன்படுத்தும் உரிமை மட்டும்தான். நிலம் உங்களுடையதுதான், பட்டாவில் பெயர் மாறாது. இரண்டு, முடிந்த அளவு குறைவாகத்தான் சேதம் செய்ய வேண்டும். செய்த சேதத்துக்கு முழு இழப்பீடு கொடுக்க வேண்டும். "முழு" என்ற வார்த்தை சட்டத்திலேயே இருக்கிறது.

தந்தி சேவையை 2013 ஜூலையில் மூடியே விட்டார்கள். 2023-ல் புதிய தொலைத்தொடர்பு சட்டம் வந்து 1885 சட்டத்துக்கும் முடிவு கட்டியது. அப்பாடா என்று இருக்கிறதா? இல்லை. மின்பாதை போடுகிற விஷயத்துக்கு மட்டும் பழைய சட்டத்தின் 3-வது பாகம் தொடரும் என்று அந்த புதிய சட்டத்திலேயே எழுதி வைத்து விட்டார்கள். நமக்கு வேண்டிய 10, 16, 17 ஆகிய பிரிவுகள் மூன்றும் அந்த பாகத்தில்தான் இருக்கின்றன.

சரி, மின்சாரத்துக்கும் தந்திக்கும் என்ன சம்பந்தம்? 2003-ம் ஆண்டு மின்சார சட்டத்தின் 164-வது பிரிவுதான் பாலம். தந்தி அதிகாரிக்கு இருந்த அதே அதிகாரத்தை, மின்பாதை போடுகிற நிறுவனத்துக்கு அரசாங்கம் எழுத்து மூலமாக உத்தரவு போட்டு கொடுக்கலாம் என்கிறது அது.

எழுத்து மூலமாக! அதனால் ஜீப்பில் வந்து இறங்குகிறவர்களிடம் முதலில் கேட்க வேண்டிய கேள்வி, "164 உத்தரவு இருக்கா? ஒரு காப்பி குடுங்க" என்பதுதான். பெரிய லைன்களுக்கு அநேகமாக இருக்கும். இல்லை என்றால் கதை வேறு. 2006-ல் வந்த மத்திய அரசு விதிப்படி நிலத்துக்காரரின் சம்மதத்தை முதலிலேயே வாங்க வேண்டும். அவர் மறுத்தால் கலெக்டரிடம் எழுத்து மூலம் அனுமதி வாங்கி விட்டுத்தான் கால் வைக்க முடியும்.

சுப்ரீம் கோர்ட்டு சொன்னது

164 உத்தரவு இருக்கிறது. ஆனாலும் என்னை கேட்காமல் வரக்கூடாது என்று கோர்ட்டுக்கு போனால் என்ன ஆகும்?

போனவர் சாதாரண ஆள் இல்லை, ஒரு பெரிய கம்பெனி. சத்தீஸ்கரில் சிமெண்ட் ஆலைக்காக சுண்ணாம்புக்கல் வெட்ட குத்தகை எடுத்திருந்த இடத்தில் பவர் கிரிட் நிறுவனம் டவர் போட்டது. செஞ்சுரி டெக்ஸ்டைல்ஸ் நிறுவனம் வழக்கு போட்டது. 2016 டிசம்பரில் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பு சொன்னது. 164-ல் அதிகாரம் கொடுத்து விட்டால் நிலத்துக்காரரின் முன் சம்மதம் தேவை இல்லை என்பதுதான் தீர்ப்பு.

அத்தனை பெரிய கம்பெனிக்கே இந்த கதி. அரை ஏக்கர்காரர் "சம்மதம் இல்லை" என்ற ஒரே காரணத்தை வைத்துக்கொண்டு லைனையே நிறுத்தி விடலாம் என்று நினைத்தால் நடக்காது. யாராவது வக்கீல் "ஸ்டே வாங்கித் தர்றேன்" என்று அடித்துச் சொன்னால் கொஞ்சம் யோசியுங்கள். 2018-ல் குறிப்பிட்ட நிவாரண சட்டத்தையும் திருத்தி விட்டார்கள். மின்பாதை மாதிரி கட்டமைப்பு திட்டங்களை தாமதப்படுத்துகிற தடை உத்தரவு போடக்கூடாது என்று சிவில் கோர்ட்டுகளுக்கு கட்டுப்பாடு வந்து விட்டது.

அப்போ வாசலை திறந்து விட வேண்டியதுதானா?

இல்லை. இங்கேதான் ஜீப்பில் வந்தவர் சொல்லாமல் விட்ட பாதி வருகிறது.

தந்தி சட்டம் 16-வது பிரிவு. நிலத்துக்காரர் எதிர்த்தால், தடுத்தால், மாவட்ட மாஜிஸ்திரேட்டிடம் போய் உத்தரவு வாங்க வேண்டும். நம் ஊரில் மாவட்ட மாஜிஸ்திரேட் என்றால் கலெக்டர். அந்த உத்தரவு இல்லாமல், எதிர்ப்பையும் மீறி பொக்லைனை கொண்டு வந்து வயலில் இறக்க முடியாது. 1970-களின் தொடக்கத்திலேயே கேரள ஐகோர்ட்டு முழு பெஞ்ச் இதை தெளிவாக சொல்லி விட்டது.

ஆக, உங்கள் ஆட்சேபணை காகிதத்தில் இருக்க வேண்டும். வரப்பில் நின்று கத்தியது கணக்கில் வராது. கலெக்டருக்கும், லைன் போடுகிற நிறுவனத்தின் இன்ஜினீயருக்கும் பதிவு தபாலில் ஒரு மனு போடுங்கள். ஒப்புகை அட்டையை பத்திரமாக வையுங்கள். மனுவில் சர்வே நம்பர், எத்தனை மரம், கிணறு எங்கே, வீடு எங்கே, பத்து மீட்டர் தள்ளினால் என்ன தப்பிக்கும் என்று எழுதுங்கள். "விவசாயம் அழியுது" என்று பொதுவாக எழுதுகிற மனுவை விட "டவரை கிழக்கே 15 மீட்டர் தள்ளினால் கிணறு தப்பிக்கும்" என்று எழுதுகிற மனுவுக்கு மதிப்பு அதிகம்.

கலெக்டர் ஆபீசில் விசாரணைக்கு கூப்பிடுவார்கள். உண்மையை சொல்ல வேண்டும் என்றால், லைன் போகிற பாதையையே மாற்று என்று உத்தரவு வருவது அபூர்வம். அனுமதி கொடுத்துத்தான் உத்தரவு வரும். ஆனால் அந்த விசாரணையில் நீங்கள் சொன்னது எல்லாம் ரெக்கார்டு ஆகிறது. எத்தனை மரம், என்ன வயசு, கிணறு இருந்ததா என்று நாளைக்கு இழப்பீட்டு வழக்கு வரும்போது அதுதான் சாட்சி.

பாதையை மாற்ற வேண்டும் என்றால் அதற்கான நேரம் சர்வே நடக்கும்போதுதான். பெரிய லைன்களுக்கு எந்தெந்த கிராமம் வழியாக போகிறது என்று பேப்பரில் விளம்பரம் கொடுப்பது வழக்கம். பொடி எழுத்தில் வரும், யாரும் படிக்க மாட்டார்கள். கல் நட்டு, ஒரு பக்கம் பத்து டவர் எழும்பிய பிறகு நடுவில் ஒரு டவரை மட்டும் தள்ளுங்கள் என்றால் இன்ஜினீயர் கையை விரித்து விடுவார்.

கலெக்டர் உத்தரவு வந்த பிறகும் மறித்தால் அது குற்றம். முன்பு இந்திய தண்டனை சட்டம் 188-வது பிரிவு. 2024 ஜூலை 1-ந்தேதியில் இருந்து பாரதிய நியாய சன்ஹிதா 223-வது பிரிவு. 6 மாதம் வரை ஜெயில் தண்டனைக்கு இடம் இருக்கிறது. உத்தரவு வந்த பிறகு பெட்ரோல் கேனை தூக்கிக்கொண்டு போய் நிற்பதில் அர்த்தம் இல்லை. அந்த நேரத்தில் ஆள் போய் நிற்க வேண்டிய இடம் வேறு.

டவருக்கு கீழே மட்டும் இல்லை நஷ்டம்

"நாலு கால் நிக்கிற இடம்தானே, மூணு சென்ட்டு கூட வராது" என்பார்கள். கேட்க நியாயமாகத்தான் இருக்கும். ஆனால் கம்பி போகிற பாதை இருக்கிறதே, அதுதான் பெரிசு.

110 கே.வி. லைன் என்றால் பாதையின் அகலம் 22 மீட்டர். 220, 230 கே.வி. என்றால் 35 மீட்டர். 400 கே.வி.க்கு 46 மீட்டர். 765 கே.வி.க்கு 64 முதல் 67 மீட்டர். 800 கே.வி. நேர்மின்சார லைனுக்கு 69 மீட்டர்.

அந்த அகலத்துக்குள் தென்னை வைக்க முடியாது. தேக்கு, மா வளர்க்க முடியாது. வீடு கட்ட முடியாது. கோழிப்பண்ணை ஷெட் போட முடியாது. போர் போடும் வண்டி மாஸ்ட்டை தூக்க முடியாது. நெல், மஞ்சள், கடலை போடலாம். பேங்க்கில் கடன் கேட்டால் மேனேஜர் ஒரு மாதிரி பார்ப்பார். விற்கப் போனால் வாங்க வருகிறவர் கம்பியை அண்ணாந்து பார்த்துவிட்டு விலையை குறைப்பார்.

பட்டா உங்கள் பெயரில்தான். வரி கட்டுவதும் நீங்கள்தான். ஆனால் நிலத்தை உங்கள் இஷ்டத்துக்கு பயன்படுத்த முடியாது. மின்பாதை வழக்குகளின் அடி வேர் இதுதான். நிலத்தை எடுத்துக்கொண்டால் நிலம் எடுப்பு சட்டப்படி பணம் உண்டு. இங்கே நிலத்தை எடுக்கவே இல்லை என்கிறார்கள். 2013-ல் வந்த நிலம் எடுப்பு சட்டத்திலும் விதிவிலக்கு பட்டியலில் மின்சார சட்டத்தை சேர்த்து விட்டார்கள்.

பணக் கணக்கு

பல காலம் வெட்டிய மரத்துக்கும், அழிந்த பயிருக்கும் மட்டும்தான் பணம். நிலத்துக்கு எதுவும் இல்லை. 2015 அக்டோபரில்தான் மத்திய மின்துறை ஒரு வழிகாட்டு நெறிமுறை போட்டது. 66 கே.வி. மற்றும் அதற்கு மேற்பட்ட லைன்களுக்கு, டவர் நிற்கிற இடத்துக்கு நில மதிப்பில் 85 சதவீதம். கம்பி போகிற பாதைக்கு அதிகபட்சம் 15 சதவீதம்.

2024 ஜூனில் அதை உயர்த்தினார்கள். டவர் இடத்துக்கு நில மதிப்பில் 200 சதவீதம், அதாவது இரண்டு மடங்கு. நாலு காலுக்கு வெளியே ஒவ்வொரு பக்கமும் 1 மீட்டர் சேர்த்து அளக்க வேண்டும். பாதைக்கு 30 சதவீதம். 2025 மார்ச்சில் இன்னொரு திருத்தம் வந்தது. பாதைக்கு கிராமப்பகுதியில் 30 சதவீதம், நகராட்சி பகுதியில் 45, மாநகராட்சி பகுதியில் 60 சதவீதம். மார்க்கெட் விலையை முடிவு செய்ய கமிட்டி போடவும் அதில் வழி இருக்கிறது.

ஒரு பேச்சுக்கு கணக்கு போட்டு பார்ப்போம். ஏக்கர் 20 லட்சம் ரூபாய் மதிப்பு. 400 கே.வி. லைன் உங்கள் தோட்டத்தை 100 மீட்டர் நீளத்துக்கு கடக்கிறது. அகலம் 46 மீட்டர். மொத்தம் 4,600 சதுர மீட்டர், சுமார் 1 ஏக்கர் 14 சென்ட். அதன் மதிப்பு சுமார் 22 லட்சத்து 70 ஆயிரம். பழைய 15 சதவீதப்படி 3 லட்சத்து 40 ஆயிரம். புதிய 30 சதவீதப்படி 6 லட்சத்து 80 ஆயிரம்.

டவர் காலுக்கு கால் 10 மீட்டர் என்று வையுங்கள். பழைய கணக்கில் 100 சதுர மீட்டருக்கு சுமார் 42 ஆயிரம் ரூபாய். புதிய கணக்கில் 12-க்கு 12, 144 சதுர மீட்டர். இரண்டு மடங்கு மதிப்பில் சுமார் 1 லட்சத்து 42 ஆயிரம்.

பார்க்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் எந்த மதிப்பு? ஊரில் ஏக்கர் 20 லட்சத்துக்கு போகும். பத்திர ஆபீஸ் வழிகாட்டி மதிப்பு 5 லட்சம் என்று இருக்கும். பத்திரச்செலவு மிச்சம் என்று நாமே குறைத்து எழுதி வந்ததன் பலன் இது. 5 லட்சம் கணக்கில் அதே பாதைக்கு 1 லட்சத்து 70 ஆயிரம்தான் வரும். மார்க்கெட் விலை அதிகம் என்றால் கலெக்டர் அதை கவனிக்கலாம். அதற்கு பக்கத்து நிலம் விற்ற பத்திர நகல்களை நீங்கள்தான் கொண்டு போய் காட்ட வேண்டும்.

இன்னொன்று. இவை எல்லாம் மத்திய அரசின் நெறிமுறைகள். மாநில மின்வாரியம் போடுகிற லைனுக்கு மாநில அரசு எதை ஏற்று ஆணை போட்டிருக்கிறதோ அதுதான் நடைமுறை. உங்கள் லைன் யாருடையது, எந்த ஆணைப்படி பணம் என்று தகவல் உரிமை சட்டத்தில் 10 ரூபாய் கட்டி எழுத்தில் கேளுங்கள்.

குத்தகைக்காரருக்கும் பங்கு உண்டு

சட்டத்தில் "நிலச்சொந்தக்காரர்" என்று மட்டும் எழுதவில்லை. சேதம் அடைந்த, அக்கறை உள்ள எல்லோருக்கும் என்றுதான் இருக்கிறது. மஞ்சள் போட்டது குத்தகைக்காரர் என்றால் அந்த பயிர்ப்பணம் அவருக்குத்தான் சேர வேண்டும். சொந்தக்காரர் டவுனில் உட்கார்ந்துகொண்டு செக் வாங்கிப் போய்விட்டால் இவர் என்ன செய்வார்? வி.ஏ.ஓ.விடம் அடங்கலில் சாகுபடி யார் பெயரில் இருக்கிறது என்று முதலிலேயே பார்த்துக்கொள்ள வேண்டும்.

அண்ணன் தம்பிக்குள் பாகத்தகராறு என்றாலும் பணம் போய்விடாது. யாருக்கு கொடுப்பது என்று சண்டை வந்தால் நிறுவனம் அந்த தொகையை மாவட்ட கோர்ட்டில் கட்டிவிடலாம் என்று 16-வது பிரிவே சொல்கிறது. பங்காளிகள் அடித்துக்கொண்டு வரட்டும், பணம் கோர்ட்டில் இருக்கும்.

3 வருஷம்... அவ்வளவுதான்!

இழப்பீடு போதவில்லை என்றால் எங்கே போவது? கலெக்டரிடம் மனு மேல் மனு கொடுப்பார்கள். எம்.எல்.ஏ.வை பார்ப்பார்கள். திங்கட்கிழமை குறை தீர்க்கும் நாளில் போய் நிற்பார்கள். "அடுத்த மாசம் வாங்க, மேல எழுதி இருக்கோம்" என்று பதில் வரும். இப்படியே நாலைந்து வருஷம் ஓடிவிடும்.

கடைசியில் வக்கீலிடம் போனால் அவர் தலையை ஆட்டுவார். "காலம் கடந்துடுச்சே!"

தொகை போதாது என்று சொல்லும் அதிகாரம் மாவட்ட நீதிபதிக்குத்தான். மனு போட சட்டத்தில் கெடு எழுதவில்லை. ஆனால் கேரளாவில் மின்பாதைக்காக மரம் வெட்டிய ஒரு வழக்கில் 1976-ல் சுப்ரீம் கோர்ட்டு முடிவு சொல்லி விட்டது. காலவரையறை சட்டத்தின் 137-வது இனம் இதற்கும் பொருந்தும் என்பதுதான் அது. அப்படி என்றால் 3 வருஷம்.

எந்த நாளில் இருந்து 3 வருஷம்? மரம் வெட்டிய நாளா, பணம் கொடுத்த நாளா என்று அதிலேயே தனி வாக்குவாதம் நடக்கும். எது முதலில் வந்ததோ அந்த தேதியை கணக்கு வைத்துக்கொண்டால் பயம் இல்லை. கலெக்டரிடம் கொடுத்த மனு, மந்திரியிடம் கொடுத்த மனு எதுவும் இந்த கடிகாரத்தை நிறுத்தாது.

மாவட்ட நீதிபதி சொல்வதுதான் இறுதி என்கிறது சட்டம். வழக்கமான அப்பீல் கிடையாது. ஐகோர்ட்டில் சீராய்வு மனு போடலாம், அவ்வளவே. அதனால் முதல் கோர்ட்டிலேயே சாட்சி, ஆவணம் எல்லாம் சரியாக இருக்க வேண்டும்.

அந்த கோர்ட்டில் எதை எல்லாம் பார்ப்பார்கள்? 2007-ல் கேரள மின்வாரிய வழக்கு ஒன்றில் சுப்ரீம் கோர்ட்டு அதை விளக்கி இருக்கிறது. எல்லோருக்கும் ஒரே ஃபார்முலா கூடாது. நிலம் எங்கே இருக்கிறது, கம்பி ஓரமாக போகிறதா நடுவில் பிளந்துகொண்டு போகிறதா, சின்ன துண்டு நிலமா பெரிய தோட்டமா, நிலம் எதற்காக இருந்ததோ அதற்கு இனி பயன்படுமா என்று பார்த்து முடிவு செய்ய வேண்டும் என்றது. 40 சென்ட் வைத்திருப்பவருக்கு நடுவில் கம்பி போவதும், 10 ஏக்கர்காரருக்கு ஓரத்தில் போவதும் ஒன்று அல்ல. சின்ன விவசாயிக்கு இது பெரிய ஆயுதம். ஆனால் இதை எடுத்து வீசுகிறவர்கள் குறைவு.

மரம் வெட்டும் முன்பே போட்டோ, வீடியோ எடுங்கள். ஒவ்வொரு மரத்துக்கும் சுண்ணாம்பில் நம்பர் போட்டு, தேதி தெரிகிற மாதிரி எடுங்கள். மகஜர் எழுதும்போது மர எண்ணிக்கையை நீங்களும் எண்ணுங்கள். தேங்காய் விற்ற சீட்டு, மண்டி பில் எதையும் தூக்கிப் போடாதீர்கள். செக் வாங்கும்போது "முழு திருப்தியுடன் பெற்றுக்கொண்டேன்" என்று அச்சடித்த தாளை நீட்டினால் அவசரப்படாமல், "ஆட்சேபணையுடன் பெற்றுக்கொண்டேன்" என்று கையால் எழுதி கையெழுத்து போடுங்கள். அதை செல்போனில் ஒரு போட்டோ எடுத்துக்கொள்ளுங்கள்.

வக்கீல் வைக்க காசு இல்லையா? மாவட்ட கோர்ட்டு வளாகத்திலேயே சட்டப்பணிகள் ஆணைக்குழு ஆபீஸ் இருக்கிறது. பெண்கள், தாழ்த்தப்பட்ட, பழங்குடி மக்கள், வருமானம் குறைந்தவர்களுக்கு வக்கீல் இலவசம்.

கேரளாவுக்கு ஒன்று, நமக்கு ஒன்றா?

2018 கடைசியில் ஈரோடு, திருப்பூர், நாமக்கல், கரூர், சேலம் பக்கம் நடந்த போராட்டம் பலருக்கும் நினைவு இருக்கும். சத்தீஸ்கர் ராய்கரில் இருந்து நம் புகளூர் வரை சுமார் 1,765 கி.மீ. தூரத்துக்கு 800 கே.வி. நேர்மின்சார லைன் வந்தது. 6 ஆயிரம் மெகாவாட் கொண்டு வருகிற லைன். ஏற்கெனவே ஓடுகிற உயர் அழுத்த லைனுக்கு கீழே விவசாயிகள் டியூப் லைட்டை கையில் பிடித்து, ஒயர் எதுவும் இல்லாமல் எரிய வைத்து காட்டினார்கள். மாறுமின்சார கம்பியை சுற்றி இருக்கிற மின்புலத்தால் அப்படி எரிகிறது. ஆபத்து இல்லை என்று அதிகாரிகள் சொன்னாலும், பார்த்தவர்களுக்கு வயிறு கலங்கியது உண்மை.

அவர்கள் கேட்டது, ரோட்டோரமாக பூமிக்கு அடியில் கேபிள் போடுங்கள் என்பதுதான். அதற்கு அவர்கள் காட்டிய உதாரணம் பக்கத்திலேயே இருந்தது. அதே புகளூரில் இருந்து கேரளாவின் திருச்சூருக்கு போகிற 320 கே.வி. லைன். 2021 பிப்ரவரியில் பிரதமர் தொடங்கி வைத்தார். மொத்தம் 165 கி.மீ. அதில் வடக்கஞ்சேரி வரை 138 கி.மீ. டவரில் போகிறது. அதற்கு அப்பால் கேரளாவில் 27 கி.மீ. தூரம் பூமிக்கு அடியில் கேபிள்!

"அங்க மட்டும் எப்படி முடியுது?" என்ற கேள்விக்கு அதிகாரிகள் சொன்ன பதில் செலவு. அதில் உண்மை இருக்கிறது. கேபிளுக்கு டவரை விட பல மடங்கு செலவாகும். 800 கே.வி. கேபிள் 320 கே.வி. கேபிள் மாதிரி சுலபமும் இல்லை. ஆனால் கேரளாவில் நெருக்கமாக வீடு, விலை கூடின நிலம், பலத்த எதிர்ப்பு என்று அந்த செலவை ஏற்றுக்கொண்டார்கள். முடியாத காரியம் இல்லை, யார் எவ்வளவு செலவு செய்ய தயார் என்பதுதான் கேள்வி. டவர் மலிவாக முடிவதற்கு ஒரு காரணம் விவசாயிக்கு கொடுக்கிற தொகை குறைவு என்பதையும் சேர்த்துத்தான் கணக்கு பார்க்க வேண்டும்.

மாடிக்கு மேலே போற கம்பி

நிலம் இல்லாதவர்களுக்கு இந்த செய்தி எதற்கு என்று நினைக்காதீர்கள். டவுனில் ஒண்டுக்குடித்தன வீட்டு மாடி மேல் போகிற கம்பிக்கும் இதே பஞ்சாயத்துதான்.

சாதாரண வீட்டு சப்ளை கம்பி மாடிக்கு மேல் 2.5 மீட்டர் உயரத்திலும், பக்கவாட்டில் 1.2 மீட்டர் தள்ளியும் இருக்க வேண்டும். 11 கே.வி. கம்பி என்றால் உயரம் 3.7 மீட்டர், பக்கவாட்டில் 1.2 மீட்டர். அதற்கு குறைவாக இருந்தால் துணி காயப்போட மாடிக்கு போகிற பெண்களுக்கும், பட்டம் விடுகிற பிள்ளைகளுக்கும் உயிர் ஆபத்து.

இதில் கேட்கிற முதல் கேள்வி, எது முதலில் வந்தது என்பதுதான். கம்பி முதலில் இருந்து, அதற்கு கீழே நீங்கள் மாடி எழுப்பினால் மாற்றுகிற செலவு உங்கள் தலையில். மின்வாரியத்தில் மனு கொடுத்தால் எஸ்டிமேட் போடுவார்கள், பணம் கட்டிய பிறகு வேலை நடக்கும். வீடு முதலில் இருந்து, பிறகு கம்பி தாழ்ந்து தொங்கினால் சரி செய்ய வேண்டியது அவர்கள் பொறுப்பு. வீடு எப்போது கட்டியது என்று காட்ட பழைய வீட்டு வரி ரசீது, பிளான் அப்ரூவல் கைவசம் இருக்கட்டும்.

பக்கத்து மனைக்காரர் "என் இடத்து மேல ஒயர் போகக்கூடாது" என்று மறித்தால் உங்களுக்கு கனெக்ஷனே தள்ளிப் போகும். "அவர்கிட்ட சம்மதக் கடிதம் வாங்கிட்டு வாங்க" என்று செக்ஷன் ஆபீசில் திருப்பி அனுப்புவார்கள். இங்கேயும் கடைசி வழி கலெக்டர் ஆபீஸ்தான்.

காலி மனையாக இருக்கும்போது நட்டு வைத்த கம்பம், இப்போது வீடு கட்ட இடைஞ்சல் என்றால் என்ன வழி? தந்தி சட்டம் 17-வது பிரிவு இருக்கிறது. நிலத்தை வேறு விதமாக பயன்படுத்தப் போகிறேன், லைனை அகற்று, அல்லது தள்ளி வை, அல்லது உயர்த்து என்று சொந்தக்காரர் கேட்கலாம். முன்பு இழப்பீடு வாங்கி இருந்தால் மாற்றுகிற செலவு, அல்லது வாங்கிய இழப்பீட்டில் பாதி, இதில் எது குறைவோ அதை கட்ட வேண்டும். செய்யாவிட்டால் கலெக்டரிடம் மனு போடலாம். சின்ன கம்பத்துக்கு இது நடக்கும். 400 கே.வி. டவரை தள்ளி வைக்க சொல்லி கேட்டுப் பார்க்கலாம், சட்டத்தில் இடம் இருக்கிறது. ஆனால் ஒரு டவரை தள்ளினால் முன்னே பின்னே உள்ள டவர்களும் சேர்ந்து நகர வேண்டும் என்று பதில் வரும்.